நீர்மூழ்கியின் உலையும் நம் வீட்டு மீட்டரும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற ஞாயிறு இணைப்பில் சிறிய அணு உலைகளைப் பற்றி வந்த கட்டுரையைப் படித்தேன். ஐ.என்.எஸ். அரிஹந்த் நீர்மூழ்கியில் 83 மெகாவாட் உலை ஒன்று ஓடுகிறது, அதையே மாவட்டத்துக்கு ஒன்றாகக் கரையில் நிறுவிவிட்டால் தமிழகத்தின் மின்சாரக் கவலை தீர்ந்தது என்று எழுதியிருந்தார் கட்டுரையாளர். கப்பலுக்குள் அடங்குகிற உலை ஊருக்குள் அடங்காதா என்ற கேள்வியைத் தடித்த எழுத்தில் வேறு போட்டிருந்தீர்கள். கடலோர அனல் மின் நிலையம் ஒன்றில் பாய்லர் பக்கமும் டர்பைன் பக்கமும் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் நான். அணுவைப் பற்றிப் பேச எனக்குத் தகுதி குறைவு. நீராவியைப் பற்றிப் பேச உண்டு. எந்த அணு உலையும் கடைசியில் தண்ணீரைக் கொதிக்கவைக்கும் வேலையைத்தான் செய்கிறது என்பதால் துணிந்து எழுதுகிறேன்.

முதலில் அந்த 83. அது வெப்பத்தின் அளவு. மின்சாரத்தின் அளவு அல்ல. கூடங்குளத்தை எடுத்துக்கொள்ளுங்கள். அங்கே ஓர் உலை 3,000 மெகாவாட் வெப்பம் தருகிறது. அதில் மின்சாரமாக வெளியே வருவது 1,000. மிச்சம் இரண்டு பங்கும், வேலை முடிந்த நீராவியைக் குளிர்வித்துத் தண்ணீராக்கும் கண்டன்சர் வழியாகக் கடலுக்குப் போகிறது. இதில் யாருடைய திறமைக் குறைவும் இல்லை, நீராவியின் இயல்பு அது. நிலக்கரி நிலையத்தில் 540 டிகிரியில், உலர்ந்த நீராவியை டர்பைனுக்கு அனுப்புவோம். கூடங்குளம் போன்ற அழுத்த நீர் உலையில் முதல் சுற்றுத் தண்ணீரையே கொதிக்க விடுவதில்லை. 157 வளிமண்டல அழுத்தத்தில் அதை அமுக்கி வைத்து, அதன் சூட்டை இன்னொரு சுற்றுத் தண்ணீருக்கு மாற்றி, அங்கேதான் நீராவி எடுக்கிறார்கள். அது 300 டிகிரியைக்கூடத் தொடாத, ஈரம் கலந்த நீராவி. பாதி வழியில் ஈரத்தைப் பிரித்து, மறுபடி சூடேற்றித்தான் அடுத்த டர்பைனுக்கு அனுப்ப வேண்டும்.

ஈரம் என்ன செய்யும் என்பது எனக்குத் தெரியும். எங்கள் நீராவி அவ்வளவு உலர்ந்தது என்றாலும், குறைந்த அழுத்த டர்பைனின் கடைசி வரிசைக்கு வரும்போது ஈரம் பிடித்துவிடும். ஓவர்ஹாலுக்காக மேல்மூடியைத் தூக்கிய பிறகு அந்த வரிசை பிளேடுகளின் முன்விளிம்பில் விரலை வைத்துப் பார்ப்போம். நிமிடத்துக்கு மூவாயிரம் சுற்று சுற்றுகிற எஃகை நீர்த்துளிகள் அரித்து, விளிம்பு முழுக்கச் சொரசொரவென்று இருக்கும். பளபளப்பாக உள்ளே போன பிளேடு அது.

கப்பலுக்குள் இட நெருக்கடியில் அமைத்த நீராவி ஏற்பாட்டில் நான்கில் ஒரு பங்கு தேறினாலே பெரிது. அரிஹந்தின் 83-ஐ அப்படியே ஜெனரேட்டரில் பூட்டினால் இருபது மெகாவாட் மின்சாரம் வரும் என்று வைத்துக்கொள்வோம். தமிழகத்தில் 38 மாவட்டங்கள். எல்லா மாவட்டத்திலும் ஒன்று வைத்தால் மொத்தம் 760 மெகாவாட். கூடங்குளத்தில் ஓடும் இரண்டில் ஒன்றின் அளவுகூட இல்லை. 2024 மே மாதம் நம் மாநிலத்தின் உச்சத் தேவை 20,000 மெகாவாட்டைத் தாண்டியது. இந்தக் கணக்கைப் போட ஒரு தாளும் பென்சிலும் போதும். கட்டுரையை அச்சுக்கு அனுப்பும் முன் யாரேனும் போட்டிருக்கலாம்.

நீர்மூழ்கி உலைக்கும் மின் நிலைய உலைக்கும் உறவே இல்லை என்று நான் சொல்லவரவில்லை. இரண்டும் ஒரே வயிற்றுப் பிள்ளைகள்தான். அமெரிக்கக் கடற்படையின் ஹைமன் ரிக்கோவர் முதல் நீர்மூழ்கி உலையைக் கடலில் சோதிக்கவில்லை. இடாஹோ மாநிலத்தின் பொட்டல் காட்டில், கப்பலின் வயிற்றுப் பகுதியைப் போலவே ஒன்றைச் செய்து அதற்குள் வைத்து 1953-இல் இயக்கிப் பார்த்தார். 1955 ஜனவரி 17 அன்று நாட்டிலஸ் என்ற நீர்மூழ்கி அணு சக்தியில் கிளம்பியது. 1958 ஆகஸ்டில் வட துருவப் பனிக்கு அடியிலேயே கடந்து போனது. இதற்கிடையில், விமானந்தாங்கிக் கப்பலுக்கென்று தொடங்கிக் கைவிடப்பட்ட உலைத் திட்டம் ஒன்றை மின்சாரத்துக்கு மாற்றும் பொறுப்பும் அவரிடமே வந்தது. பென்சில்வேனியாவில் ஒஹையோ ஆற்றங்கரையில் 1957 டிசம்பரில் ஓடத் தொடங்கிய ஷிப்பிங்போர்ட் நிலையம் அதுதான். 60 மெகாவாட். அமெரிக்காவின் முதல் முழு அளவு அணு மின் நிலையம். இன்று உலகில் ஓடும் அணு மின் உலைகளில் பெரும்பாலானவை அழுத்த நீர் வகை. கூடங்குளமும் அதன் ரஷ்யக் கிளையே.

ஆனால் ஷிப்பிங்போர்ட்டின் மின்சாரம் பக்கத்து நிலக்கரி மின்சாரத்தைவிடப் பல மடங்கு விலை கூடியது. அது கற்றுக்கொள்ளக் கட்டிய நிலையம், அதனால் பொறுத்துக்கொண்டார்கள். (அதே நிலையத்தில் 1977 முதல் 1982 வரை, அணு எரிபொருளாக மாற்றத்தக்க உலோகமான தோரியம் வைத்து ஓட்டியிருக்கிறார்கள். மணவாளக்குறிச்சி மணலில் கிடக்கிற அதே தோரியம். நம்மிடம் இருக்கிறது, இருக்கிறது என்று நாம் மேடையில் சொல்லிக்கொண்டிருந்த காலத்தில் அவர்கள் அதை எரித்தே பார்த்துவிட்டார்கள்.)

கட்டுரையாளர் தொடாத விஷயம் இந்த விலைதான். கடற்படை எதற்காக அணு உலைக்குப் போனது? டீசல் நீர்மூழ்கிக்கு மூச்சு வாங்க வேண்டும். பேட்டரி தீர்ந்ததும் நீர்மட்டத்துக்கு அருகில் வந்து, குழாயை மேலே நீட்டி, காற்றை உறிஞ்சி டீசல் எஞ்சினை ஓட்டிச் சார்ஜ் ஏற்ற வேண்டும். அந்த நேரத்தில்தான் எதிரியின் கண்ணில் படும். முழு வேகத்தில் ஓடினால் பேட்டரி ஓரிரு மணி நேரத்தில் காலி. அணு உலைக்குக் காற்றே வேண்டாம். கடல் நீரிலிருந்து குடிநீரையும் மூச்சுக்கு ஆக்ஸிஜனையும் அங்கேயே எடுத்துக்கொள்ளலாம். சமையலறையில் அரிசி, பருப்பு தீர்ந்தால்தான் கரைக்குத் திரும்ப வேண்டும் என்கிற நிலை. அணு ஏவுகணைகளைச் சுமந்துகொண்டு எங்கே இருக்கிறோம் என்று தெரியாமல் கிடக்க வேண்டிய கப்பலுக்கு இந்தச் சக்திக்கு மாற்றே கிடையாது. அந்தக் கப்பலில் ஒரு யூனிட் எவ்வளவுக்கு அடக்கமாகிறது என்று எந்த அட்மிரலும் கேட்கமாட்டார். கேட்கவும் கூடாது. ஆனால் விசைத்தறி வைத்திருப்பவர் கேட்பார், ஐஸ் பிளான்ட்காரர் கேட்பார், மின்வாரியம் கேட்டே ஆக வேண்டும். கல்யாண மண்டபத்துச் சாப்பாட்டை ருசி பார்த்துவிட்டு அதே இலையைத் தினமும் வீட்டில் போடு என்று சொல்கிற மாதிரி இருக்கிறது உங்கள் கட்டுரை.

எரிபொருளிலும் அதே கதை. இயற்கை யுரேனியத்தில் பிளவுறும் வகை நூற்றுக்கு 0.7 பங்குதான். கல்பாக்கத்தின் சென்னை அணு மின் நிலையம் கனநீர் என்ற கனத்த வகைத் தண்ணீரின் உதவியால் அதைக் கொண்டே ஓடுகிறது. கூடங்குளத்துக்கு அதை ஐந்து விழுக்காட்டுக்குள் செறிவூட்டினால் போதும். அமெரிக்க நீர்மூழ்கிகளிலோ 90 விழுக்காட்டுக்கு மேல். அணுகுண்டுக்குப் போடுகிற தரம். அதனால்தான் அவர்களுடைய புதிய கப்பல்கள் முப்பது ஆண்டுகளுக்கு மேல் எரிபொருள் மாற்றாமல் ஓடுகின்றன. பிரெஞ்சுக்காரர்கள் மின் நிலையத்துக்குப் பக்கமான செறிவில் ஓட்டுகிறார்கள்; பத்து ஆண்டுக்கு ஒருமுறை கப்பலைத் திறந்து மாற்றிக்கொள்கிறார்கள். கப்பலில் ஓடுகிற அதையே என்று சொல்லும்போது எந்தக் கப்பலில் ஓடுவதை என்று கேட்க வேண்டியிருக்கிறது. குண்டுத் தர யுரேனியத்தை மாவட்டத் தலைநகரங்களில் வைக்க உலகில் எந்த அரசும் ஒப்பாது. செறிவைக் குறைத்தால் முப்பது ஆண்டுச் சவுகரியம் போய்விடும்.

இன்னொரு சங்கதி, லோடு, அதாவது உலையிடம் கேட்கிற சக்தியின் ஏற்ற இறக்கம். நீர்மூழ்கி மெல்ல ஊர்ந்துகொண்டிருக்கும். மறு நிமிடம் முழு வேகம் எடுக்கும். அதற்கேற்ற உலை அது. உலை சக்தியைக் குறைத்ததும் உள்ளே செனான் என்ற வாயு கூடும், நியூட்ரான்களை விழுங்கும், மறுபடி ஏற்றுவதைத் தடுக்கும். செறிந்த எரிபொருள் வைத்திருக்கும் கப்பல் உலைக்கு அதை மீறி எழ வலு உண்டு. மின் நிலைய உலை நின்றுபோனால் செனான் அடங்கும்வரை ஒரு நாள், இரண்டு நாள் காத்திருக்க நேரலாம். ஆகவே அணு மின் நிலையங்களை ஏற்றாமல் இறக்காமல் ஒரே சீராக ஓட்டவே எல்லோரும் விரும்புகிறார்கள். போட்ட முதலும் அப்படி ஓட்டினால்தான் திரும்பும்.

நம் தென்மாவட்டங்களில் நிலைமை என்ன? ஆடிக் காற்றில் முப்பந்தல் பக்கம் காற்றாலைகள் எல்லாம் சுற்றும்போது எந்த நிலையம் எவ்வளவு மின்சாரம் தர வேண்டும் என்று சொல்கிற லோடு டெஸ்பேட்ச் மையத்திலிருந்து போன் வரும்: இறக்கு. நாங்கள் நிலக்கரி அரைக்கும் மில்களை ஒவ்வொன்றாக நிறுத்துவோம். இருநூற்றுப் பத்து மெகாவாட் யூனிட்டைப் பாதிக்குக் கொஞ்சம் மேலே கொண்டுவந்து நிறுத்தினால், தீ நிலையில்லாமல் துடிக்கும். அணையாமலிருக்க எண்ணெய் பீய்ச்சும் குழாய்களான எண்ணெய்த் துப்பாக்கிகளைச் செருகி எரிப்போம். அரைமணி கழித்து காற்று விழுந்துவிடும்; மறுபடி போன் வரும்: ஏற்று. இப்போது சூரிய மின்சாரமும் சேர்ந்து பகலில் ஒரு பள்ளம், மாலையில் ஒரு மேடு. இந்த ஏற்ற இறக்கத்துக்கு நடுவே, ஒரே சீராக ஓடினால்தான் கட்டுப்படியாகும் முப்பத்தெட்டு உலைகளை எங்கே செருகுவது என்பதைக் கட்டுரையாளர் சொல்லட்டும்.

சிறிய உலைக்கு ஆதரவாகச் சொல்ல வேண்டிய ஒன்றை அவர் சொல்லாமல் விட்டிருக்கிறார், நான் சொல்கிறேன். எங்கள் அனல் நிலையத்தில், மின் கம்பி வலையான கிரிட்டில் ஏதோ கோளாறு வந்து நடு இரவில் யூனிட் ட்ரிப் ஆகி நின்றுவிட்டால், பாய்லருக்கு எரிபொருள் நொடியில் நின்றுவிடும். சேஃப்டி வால்வுகள் திறந்து நீராவி வானத்துக்குப் பீறிடும் சத்தத்தில் பக்கத்தில் நிற்பவன் பேசுவது காதில் விழாது. டார்ச் அடித்துக்கொண்டு ஓடுவோம். ஆனால் ஒரு நிம்மதி உண்டு: தீ போய்விட்டது, புதிதாகச் சூடு வராது. அணு உலையில் அந்த நிம்மதி இல்லை. கட்டுப்பாட்டுத் தண்டுகள் இறங்கி உலை நின்ற பிறகும், எரிந்த எரிபொருளிலிருந்து ஆறு ஏழு விழுக்காடு வெப்பம் வந்துகொண்டிருக்கும். ஒரு மணி நேரத்தில் இரண்டு விழுக்காட்டுக்குள் இறங்கும், ஆனால் முழுக்க நிற்காது. மூவாயிரம் மெகாவாட் உலையில் அந்த முதல் கணத்து வெப்பமே ஏறக்குறைய இருநூறு மெகாவாட். 2011 மார்ச்சில் ஃபுகுஷிமாவில் உலைகள் ஒழுங்காகத்தான் நின்றன. சுனாமி வந்து டீசல் ஜெனரேட்டர்களை மூழ்கடித்து, இந்த மிச்சச் சூட்டைத் தணிக்கப் பம்புகள் இல்லாமல் போனதுதான் வினையானது. 83 மெகாவாட் உலையில் இந்த மிச்சம் ஐந்தாறு மெகாவாட். அதைப் பம்பில்லாமல், தண்ணீர் தானாகச் சுழல்வதைக் கொண்டே தணிக்கலாம். சிறிய உலைகளின் உண்மையான பலம் இது. விலையைப் பற்றிய நம்பிக்கையைவிட உறுதியான பலம்.

விலைக்கு நடந்த கதை ஒன்று இருக்கிறது. நாட்டிலஸின் உலை முதலில் ஓடிய அதே இடாஹோ ஆராய்ச்சி வளாகத்தில், நூஸ்கேல் என்ற நிறுவனத்தின் ஆறு சிறிய உலைகளை வைத்து 462 மெகாவாட் எடுப்பதாகத் திட்டம். வாங்குவதாக இருந்தவை யூட்டா பகுதி நகராட்சிகளின் மின் அமைப்புகள். ஒரு மெகாவாட் மணிக்கு 58 டாலர் என்று சொன்ன விலை 2023 தொடக்கத்தில் 89 டாலர் ஆனது. அந்த ஆண்டு நவம்பரில் திட்டத்தையே கைவிட்டார்கள். விலை பொருந்திய இடமும் இருக்கிறது: ரஷ்யாவின் ஆர்க்டிக் கரையில் பெவெக் என்ற சிற்றூர். பனி உடைக்கும் கப்பல்களின் உலையிலிருந்து வந்த இரண்டு 35 மெகாவாட் உலைகளை ஒரு மிதவையில் ஏற்றிக்கொண்டுபோய் 2019 டிசம்பரிலிருந்து அந்த ஊருக்கு மின்சாரமும் சூடும் கொடுக்கிறார்கள். வருடத்தில் பாதிக்கு மேல் கடல் உறைந்துகிடக்கும் ஊர் அது. விருதுநகருக்கு அந்தக் கஷ்டம் இல்லை.

கடற்படையின் வழியும் மின் நிலையத்தின் வழியும் பிரிகிற இடம் ஒன்று கல்பாக்கத்திலேயே உண்டு. 1957-இல் அமெரிக்கக் கடற்படை ‘சீ உல்ஃப்’ நீர்மூழ்கியில் தண்ணீருக்குப் பதில் உருகிய சோடியத்தைக் குளிர்விப்பானாக வைத்தது. கசிவுத் தொல்லை ஓயவில்லை. தண்ணீர் பட்டால் வெடிக்கும் உலோகத்தைக் கடலுக்கு அடியில் வைத்துக்கொண்டு மல்லுக்கட்ட ரிக்கோவருக்கு விருப்பமில்லை. பிடுங்கிவிட்டு அழுத்த நீர் உலையை மாற்றினார். அதே சோடியத்தை நம்பித்தான் கல்பாக்கத்தின் 500 மெகாவாட் ஈனுலை (தான் எரிப்பதைவிடக் கூடுதல் எரிபொருளை உண்டாக்கும் உலை) கட்டப்பட்டிருக்கிறது. 2004-இல் கட்டத் தொடங்கி 2024 மார்ச்சில்தான் உலையின் மையத்தை நிரப்பும் வேலையே ஆரம்பமானது. தோரியத்துக்குப் போகும் பாதையில் நமக்கு அது தேவை, கடற்படைக்குத் தேவையில்லை. ஒன்றுக்குச் சரியானது மற்றதற்குச் சரியாக வேண்டும் என்ற கட்டாயம் எங்கேயும் இல்லை.

அரிஹந்தின் உலைக்கு முன்மாதிரியும் கல்பாக்கத்தில்தான், கரையில், ஓடிப் பார்க்கப்பட்டது. சில ஆண்டுகளாகவே இயங்கிவந்த அதைச் செய்தியாளர்களுக்குக் காட்டியது 2009 ஆகஸ்டில், கப்பல் விசாகப்பட்டினத்தில் நீரில் இறங்கிய பிறகு. சுற்றுப்புற மீனவர் குப்பங்களுக்கு வேலிக்கு அப்பால் என்ன ஓடுகிறது என்று அப்போதுதான் முறையாகத் தெரிந்தது. ராணுவ விஷயம், ரகசியம் இருக்கத்தான் செய்யும். அதில் எனக்குப் புகார் இல்லை. மின்சாரத்துக்கென்று உலை வைக்கும்போது அந்தப் பழக்கத்தையும் சேர்த்துக் கொண்டுவந்துவிடக் கூடாது. இடிந்தகரைப் போராட்டத்தின்போது அந்த ஊர்க்காரர்கள் கேட்ட கேள்விகளில் பாதிக்குப் பொறுமையாக உட்கார்ந்து பதில் சொல்லியிருந்தால், கசப்பு இவ்வளவு மண்டியிருக்காது என்பது என் எண்ணம்.

பழைய கப்பல்களின் கதியையும் கேளுங்கள். பிரிட்டன் 1980-லிருந்து ஓய்வு கொடுத்த இருபது அணு நீர்மூழ்கிகளில் ஒன்றைக்கூட 2019 வரை முழுதாகப் பிரித்துமுடிக்கவில்லை. ஒன்பதில் எரிபொருளே எடுக்கப்படவில்லை. இதைச் சொன்னது அவர்களுடைய தேசியத் தணிக்கை அலுவலகம். ஓடும்வரை சிறியது, நின்ற பிறகு அதன் கணக்கு சிறியதாக இல்லை.

2025 பட்ஜெட்டில் சிறிய உலை ஆராய்ச்சிக்கு 20,000 கோடி ரூபாய் ஒதுக்கி, 2033-க்குள் குறைந்தது ஐந்தை ஓட்டிக்காட்டுவதாக ஒன்றிய அரசு அறிவித்திருக்கிறது. செய்யட்டும், ஆராய்ச்சி வேண்டும். ஒரு யூனிட் என்ன விலைக்கு மின்வாரியத்துக்கு வரும், எரிந்த எரிபொருளை எந்த ஊரில், யார் செலவில் வைப்பார்கள், விபத்து நடந்தால் நஷ்டஈடு யார் பொறுப்பு என்பதை இடம் தேர்வாவதற்கு முன்பே தமிழில் அச்சிட்டு அந்தந்த ஊராட்சியில் கொடுக்க வேண்டும். உங்கள் பத்திரிகையும் கப்பல் படத்தைப் பெரிதாகப் போடுகிற இடத்தில் பாதியை இதற்கு ஒதுக்கலாம்.

இந்தக் கடிதம் நீளம் என்று தோன்றினால் வெட்டிக்கொள்ளுங்கள். 83 மெகாவாட் என்பது வெப்பம், மின்சாரம் அல்ல என்ற திருத்தத்தை மட்டுமாவது வியாழனுக்குள் வெளியிட்டுவிடுங்கள். பள்ளிப் பேச்சுப் போட்டிக்காக என் பேத்தி அந்தக் கட்டுரையைக் கத்தரித்து வைத்து மனப்பாடம் செய்துகொண்டிருக்கிறாள். தாத்தா சொன்னால் ஏற்கமாட்டாள், பேப்பரில் வந்தால்தான் ஏற்பாளாம். போட்டி வெள்ளிக்கிழமை.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற அனல் மின் நிலைய ஊழியர்,
திருச்செந்தூர்.